சொன்னதைக் கேட்காதவருக்கான எண்

நோய்களுக்கு எண் போடுவது என் வேலை. ஜொகூர் பாருவில் ஒரு தனியார் மருத்துவமனையின் கோப்பு அறையில் பத்தொன்பது வருடமாக உட்கார்ந்திருக்கிறேன். நோயாளி வீட்டுக்குப் போன பிறகு அவருடைய கோப்பு என் மேசைக்கு வரும். டாக்டர் எழுதியதைப் படித்து, இன்ன நோய், இன்ன காரணம் என்று புத்தகத்தில் தேடி, ஓர் எழுத்தும் சில இலக்கங்களும் போட வேண்டும். அந்தத் தடிப் புத்தகம் இப்போது கணினிக்குள் போய்விட்டது. டாக்டர்களின் கையெழுத்து மட்டும் அப்படியே இருக்கிறது. கல்யாண வீடுகளில் உறவுக்காரர்கள், "நீ நர்ஸா?" என்று கேட்பார்கள். நான் முழுதாக விளக்கி முடித்ததும், "ஓ, ஆபீஸ் கிராணி வேலை" என்பார்கள். நானும் சரி என்று சாப்பிடப் போய்விடுவேன்.

ஆனால் அந்தப் புத்தகத்தைப் போல ஊரை அறிந்த புத்தகம் வேறு கிடையாது. மோட்டார் சைக்கிளில் போய் நாய்மீது மோதி விழுந்தால் ஓர் எண். நாயைத் தவிர்க்கப் பார்த்துத் தானே விழுந்தால் வேறு எண். முட்டிச் சில்லு உடைந்தால் எஸ்82.0. அதே சில்லு கோணலாக ஒட்டிக்கொண்டால் எம்84.0. உடைந்தது ஒரு கதை, தப்பாகச் சேர்ந்தது இன்னொரு கதை என்று பிரித்து வைத்திருக்கிறார்கள்.

இவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது இசட்91.1. மருத்துவர் சொன்னதைக் கேட்காதவர் என்று அதற்கு அர்த்தம். சர்க்கரை நோயை வைத்துக்கொண்டு டுரியான் பழ சீசனில் ஒரு கூடையை முடித்தவர், இரத்த அழுத்த மாத்திரையைத் தலைவலி வரும்போது மட்டும் போட்டுக்கொண்டவர், தையல் பிரிக்க வராமல் வீட்டிலேயே கத்தரியால் வெட்டிக்கொண்டவர், எல்லாருக்கும் அது உண்டு. டாக்டர் ஒரு மூலையில், "பேச்சைக் கேட்கவில்லை" என்று அரை வரி எழுதியிருந்தாலும் என் கண்ணுக்குத் தப்பாது. மற்றவர்கள் அதைப் போட மறந்துவிடுவார்கள். நான் மறந்ததே இல்லை. அதைத் தட்டும்போது, "நல்லா வேணும்" என்று எனக்குள் ஒரு குரல் கேட்கும். பொய் சொல்லி என்ன, எனக்கு வாய் நீளம். வேலையிடத்தில் நோயாளிகளிடம் வாயைத் திறக்க முடியாது, அதனால் அந்த எண்ணைப் போட்டுத் திருப்திப்பட்டுக்கொள்வேன். வீட்டில் எண் தேவைப்படவில்லை. என் கணவரைக் கல்யாணமான மறுநாளிலிருந்து வாயாலேயே திட்டி வந்தேன்.

அவர் பஸ் ஓட்டுகிறவர். உலு திராமில் எங்கள் தாமான் குடியிருப்பிலிருந்து தொழிற்சாலைக்கு ஆட்களை ஏற்றிப் போய் இறக்கும் ஃபேக்டரி பஸ். பஸ் ஒரு சீன முதலாளியுடையது, தவுக்கே என்று கூப்பிடுவோம். ஆனால் அதைக் கழுவுவதும் துடைப்பதும் சாமி படத்துக்குப் பூப்போடுவதும் இவர்தான். இரவில் அது எங்கள் வீட்டுக்குப் பக்கத்துத் திடலில் நிற்கும். என்னிடம் பேசும் நேரத்தைவிட அதனிடம் பேசும் நேரம் அதிகம் என்று நான் சொல்வதுண்டு. அவர் மறுத்ததில்லை. எதையும் மறுக்கமாட்டார். நான் பத்து வார்த்தை சொன்னால், "சரி லா" என்று ஒன்று வரும்.

போன வருடக் கடைசியில், நல்ல மழை நாளில், காய்கறி வாங்கப் பாசாருக்கு மோட்டார் சைக்கிளில் போனவர் வழுக்கி விழுந்தார். இடது முட்டிச் சில்லு குறுக்கே இரண்டாக விண்டுவிட்டது. துண்டுகள் விலகவில்லை, அதனால் அறுவை தேவையில்லை என்றார் டாக்டர். பத்து பாகாட் ஊரிலிருந்து வந்த இளம் டாக்டர், தமிழர். கோப்பு அறைக்காரி என்பதால் என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார்.

"ஆறு வாரம், அக்கா. காலு நேரா இருக்கணும். காலுல கட்டியிருக்கிற இந்தப் பிரேஸைக் கழட்டக்கூடாது, முட்டியை மடக்கவே கூடாது. மடக்கினா சில்லு நகந்துடும். அப்புறம் கோணலா ஒட்டிக்கும்."

"நான் பாத்துக்கிறேன் டாக்டர்," என்றேன். இவர் பக்கம் திரும்பி, "கேட்டீங்கல்ல? காதுல விழுந்துச்சா?" என்றும் கேட்டேன். அவர் சரி லா என்றார்.

அதோடு நான் சும்மா இருந்திருக்கலாம். இருந்தேனா? அன்று சாயங்காலமே எங்கள் முருகன் கோயிலுக்குப் போய், ஆபரேஷன் இல்லாமல் முட்டி சரியாகிவிட்டால் இவர் தைப்பூசத்துக்குப் பால்குடம் எடுப்பார் என்று வேண்டிக்கொண்டு வந்தேன். உடைந்தது அவர் முட்டி, வேண்டிக்கொண்டது நான், எடுக்க வேண்டியது அவர். எங்கள் வீடுகளில் இது சாதாரணம். அவரைக் கேட்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. சிக்கல் நாள் கணக்கில்தான் இருந்தது. அந்தத் தைப்பூசம் சரியாக நான்காவது வாரத்தில் வந்து விழுந்தது.

அடுத்த தைப்பூசத்துக்கு எடுக்கலாம் என்று யாராவது சொல்லியிருந்தால் கேட்டிருப்பேனோ என்னவோ. யாரும் சொல்லவில்லை. கோயிலில் பேர் கொடுத்தாயிற்று, மஞ்சள் வேட்டி வாங்கியாயிற்று, இவரும் விரதம் இருக்க ஆரம்பித்துவிட்டார். வாயால் சொன்ன வேண்டுதலைத் தள்ளிப்போட்டால் இருக்கிற முட்டியும் போய்விடும் என்று எனக்குப் பயம். முட்டி சரியானால் எடுக்கிறேன் என்று வேண்டிக்கொண்டு, சரியாவதற்கு முன்னாலேயே எடுக்க வைத்த புத்திசாலி நான். எலும்புக்கும் மூட்டுக்கும் அத்தனை எண்களையும் மனப்பாடமாக வைத்திருக்கிற ஆள்.

தைப்பூசத்தன்று காலில் பிரேஸோடு விறைப்பாகத்தான் வந்தார். பூசாரி குடத்தைத் தலையில் வைக்க, தரையில் உட்கார வேண்டியிருந்தது. நீட்டிய காலோடு உட்கார முடியாமல் தடுமாறினார். பின்னால் வரிசை நின்றது, மேளக்காரர்கள் அவசரப்பட்டார்கள். நான் குனிந்து பிரேஸின் பட்டைகளை டர் டர்ரென்று பிரித்துக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டேன். அவர் முட்டியை மடக்கி உட்கார்ந்தார். முகம் சுருங்கியது. குடத்தோடு எழுந்து நடந்தார், கோயிலை மூன்று சுற்று சுற்றினார், படி ஏறினார், இறங்கினார். திரும்பப் பிரேஸைப் போட்டுவிட்டபோது மதியம் ஆகியிருந்தது. "வலிக்குதா?" என்று கேட்டேன். இல்லை லா என்றார்.

ஆறு வாரம் முடிந்து எக்ஸ்ரே எடுத்தார்கள். டாக்டர் அதை வெளிச்சத்தில் காட்டியபோது எனக்கே தெரிந்துவிட்டது. சில்லின் மேல் துண்டு ஒரு பக்கம், கீழ்த் துண்டு கொஞ்சம் தள்ளி இன்னொரு பக்கம். சரியாக மூடாத அலமாரிக் கதவு போல நடுவில் ஒரு மேடு. ஒட்டிக்கொண்டது, ஆனால் கோணலாக ஒட்டிக்கொண்டது. முட்டி பாதிக்கு மேல் மடங்கவில்லை.

"பிரேஸைக் கழட்டினீங்களா?" என்று கேட்டார் டாக்டர்.

நான் வாயைத் திறப்பதற்குள் இவர் சொன்னார். "நான்தான் டாக்டர் கழட்டினேன். நான்தான் மடக்கினேன்."

டாக்டர் என்னைப் பார்க்கவே இல்லை. தலையை ஆட்டிக்கொண்டு எழுதினார். நான் பேயறைந்தவள் போல நின்றேன். இருபத்திரண்டு வருடமாக நான் எவ்வளவு திட்டியிருக்கிறேன், இந்த மனிதர் ஒரு வார்த்தையில் என் தப்பைத் தன் தலையில் போட்டுக்கொண்டாரே என்று கண்ணில் நீர் முட்டியது. சினிமாவில்கூட இப்படி ஒரு புருஷனைக் காட்டமாட்டார்கள் என்று தோன்றியது.

அன்றிலிருந்து நான் மாறிப்போனேன். ஈரத் துண்டைக் கட்டிலில் போட்டால் நானே எடுத்து உலர்த்தினேன். வாங்கி வரச் சொன்ன மல்லிக்குப் பதில் புதினாவை வாங்கி வந்தால் புதினாத் துவையல் அரைத்தேன். வெள்ளிக்கிழமைதோறும் கோயிலில் அழுதேன். அவர் பிசியோவுக்குப் போவார், முட்டி மடங்காமல் திரும்பி வருவார், சாயங்காலத்தில் திடலில் நிற்கும் பஸ்ஸைப் பார்த்துக்கொண்டு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருப்பார். இடது கால்தான் கிளட்ச் மிதிக்கிற கால். கால் மடங்காவிட்டால் அந்த பஸ் இல்லை. தவுக்கே நல்லவர், பஸ்ஸைத் திடலிலேயே விட்டுவிட்டு, சொந்த வண்டி வைத்திருந்த இன்னோர் ஆளைத் தற்காலிகமாக வைத்துச் சமாளித்தார். ஆனால் அவரும் எத்தனை நாள் பொறுப்பார்? "வருஷக் கடைசி வரைக்கும் பாக்கிறேன் லா. அதுக்கு மேல வேற டிரைவருக்குக் கொடுத்துடுவேன்," என்று ஒரு நாள் வாசலில் நின்றபடியே சொல்லிவிட்டுப் போனார். எங்களோடு பழகிப் பழகி அவருக்குத் தமிழ் தண்ணீர்பட்ட பாடு.

பிசியோவால் ஆகாது, சில்லைத் திரும்ப வெட்டிச் சரியாக வைக்க வேண்டும் என்று அக்டோபரில் டாக்டர் முடிவு செய்தார். முட்டிக்குள் கேமரா விட்டுப் பார்க்க ஒரு நாள் படுக்க வைத்தார்கள். அந்த ஒரு நாள் கோப்பு, எல்லாக் கோப்புகளையும் போல, எங்கள் அறைக்கு வந்தது.

சொந்தக்காரர் கோப்புக்கு நாங்கள் எண் போடக்கூடாது. அது விதி. பக்கத்து மேசை மலாய்ப் பெண்ணிடம் கொடுத்துவிட்டேன். ஆனால் கொடுப்பதற்கு முன்னால் படித்தேன், யார்தான் படிக்கமாட்டார்கள்? முட்டிச் சில்லு கோணலாக ஒட்டியது என்று டாக்டர் எழுதியிருந்தார். அடுத்த வரியில், நோயாளி தானே பிரேஸைக் கழற்றினார், அறிவுரையை மீறி முட்டியை மடக்கினார். அதைப் படித்ததும் என் விரல் தானாகவே இசட் விசைக்குப் போய்விட்டது. பழக்க தோஷம்.

எம்84.0 மட்டும் போனால் மெடிக்கல் கார்டுக்காரர்கள், அதாவது இன்ஷூரன்ஸ்காரர்கள், அறுவைக்குச் சரி என்பார்கள். கூடவே இசட்91.1 போனால், நீயே கெடுத்துக்கொண்டதற்கு நாங்கள் என்ன செய்வது என்று மறுப்பார்கள். அப்படி மறுத்த கடிதங்களை நான் எத்தனையோ பார்த்திருக்கிறேன். அவற்றில் பாதி நான் போட்ட எண்ணால் வந்தவையாகத்தான் இருக்கும். கார்டு மறுத்தால் அரசாங்க மருத்துவமனை வரிசை. வரிசையில் நின்றால் வருடம் முடிந்துவிடும், பஸ் போய்விடும்.

மறுநாள் அந்தப் பெண் என் பக்கமாக நாற்காலியை நகர்த்திக்கொண்டு வந்து, "காக், அந்த இசட்டை நான் போடலை லா. பாவம் அபாங்," என்று மெதுவாக மலாயில் சொன்னாள். நான் அவளுக்கு அக்கா, இவர் அண்ணன். போன மாதம் அதே எண்ணைப் போட மறந்ததற்காக நான் அவளை நிற்க வைத்துக் கேட்டிருந்தேன். அதையெல்லாம் மனதில் வைத்துக்கொள்ளாமல் எனக்காகச் செய்திருக்கிறாள். நன்றி என்றேன். அன்று சாப்பாடு இறங்கவில்லை. டுரியான் தின்ற பெரியவருக்கு யாரும் பாவம் பார்க்கவில்லையே, அவருக்கும் ஒரு வீடு இருந்திருக்குமே என்று புத்தி அன்றைக்குத்தான் வேலை செய்தது.

அதோடு, டாக்டர் எழுதியிருப்பது பொய் என்று எனக்குத் தெரியும். கழற்றியது நான். செய்யாத தப்பு அவர் பேரில் கோப்பில் கிடக்கிறது. உண்மையைச் சொன்னால் அந்த எண்ணே அவருக்குச் சேராது, யாரும் ஒளிக்க வேண்டியதும் இல்லை. டாக்டரிடம் சந்தேகம் கேட்பதற்கென்று எங்களிடம் ஒரு படிவம் உண்டு. அதை எடுத்துக்கொண்டு நேராகக் கிளினிக்குக்குப் போனேன்.

"டாக்டர், பிரேஸைக் கழட்டினது அவர் இல்ல. நான்தான். தைப்பூசத்தன்னைக்குப் பால்குடம் எடுக்க நான்தான் கழட்டிவிட்டேன். பழியை அவர் தூக்கிக்கிட்டார்." சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது.

டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார். "அலமாக், அக்கா! நீங்களா? இங்க எல்லாரையும் கண்ணில விரல விட்டு ஆட்டுவீங்களே!" பிறகு எக்ஸ்ரேயை எடுத்துப் பார்த்தார். "ஒரு காலைநேரம்தானே? அதுமட்டும் இவ்வளவு நகத்தியிருக்காது. எனக்கே ஆச்சரியமாத்தான் இருக்கு." பழைய வரியைக் கோடிட்டுக் கையெழுத்துப் போட்டு, மனைவி சமயச் சடங்குக்காகச் சில மணி நேரம் பிரேஸை அகற்றினார், நோயாளி மற்றபடி அறிவுரையைப் பின்பற்றினார் என்று எழுதினார். அமெரிக்கர்களின் புத்தகத்தில் வீட்டார் டாக்டர் பேச்சைக் கேட்காததற்கும் இப்போது தனி எண் வந்துவிட்டதாம். எங்கள் புத்தகத்தில் இல்லை. இருந்திருந்தால் அன்று நானே என் கையால் போட்டிருப்பேன்.

பத்து நாளில் கார்டுக்காரர்கள் அறுவைக்குச் சரி என்று எழுதிவிட்டார்கள். கடிதத்தின் நகலை எடுத்துக்கொண்டு பறந்து வீட்டுக்கு வந்தேன். இவர் வாசலில் பஸ்ஸைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் டாக்டரிடம் போனது, சொன்னது, அழுதது எல்லாவற்றையும் மூச்சு விடாமல் சொல்லி முடித்தேன்.

அவர் முகம் மலரும் என்று பார்த்தேன். தலையைச் சொறிந்தார். "நீ ஏன் போயி அப்படிச் சொன்ன?"

"பின்ன? நீங்க எனக்காகப் பழியை ஏத்துக்கிட்டீங்க. நான் பாத்துக்கிட்டுச் சும்மா இருக்கணுமா?"

"நான் எங்க உனக்காக ஏத்துக்கிட்டேன்?" என்றார். பார்வை பஸ்ஸிலேயே இருந்தது. "நான் உள்ளதைத்தான் சொன்னேன். நீ வேலைக்குப் போனதும் தெனமும் காலையில பிரேஸைக் கழட்டிட்டு பஸ்ஸை ஒரு ரவுண்டு எடுப்பேன். பாசார் வரைக்கும். சும்மா நிறுத்தி வச்சா பேட்டரி செத்துடும்ல?"

"தெனமுமா?"

"மூணாவது வாரத்துலேருந்து. மொதல்ல வலிச்சுச்சு. பல்லைக் கடிச்சுக்கிட்டு மிதிச்சேன்."

மூன்று வாரம், அந்தப் பழைய பஸ்ஸின் கல் மாதிரி கிளட்ச். என் புருஷன் டாக்டரிடம் சொன்னது தியாகமும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. கேட்ட கேள்விக்குப் பதில். அவ்வளவுதான். அந்த ஒரே ஓர் உண்மையைப் போய்ப் பொய் என்று நான் திருத்திவிட்டு வந்திருக்கிறேன். இப்போது கோப்பில் இருப்பதுதான் பொய், அதுவும் என் வாயால் போனது. அதை நம்பித்தான் அந்தக் கடிதம் வந்திருக்கிறது.

இரண்டு நாள் தாங்கினேன். அதற்கு மேல் முடியவில்லை. "டாக்டர்ட்ட சொல்லப் போறேன்," என்றதற்கு, "சொல்லு. நான்தான் அன்னைக்கே சொல்லிட்டேனே," என்றார். போய்ச் சொன்னேன். டாக்டர் தலையில் கை வைத்துக்கொண்டு மூன்றாவது முறையாக அதே வரியை எழுதினார். பக்கத்து மேசைப் பெண் என் முகத்தைப் பார்க்காமல் இசட்91.1 போட்டாள். கார்டுக்காரர்கள் கொடுத்த சம்மதத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். அரசாங்க மருத்துவமனையில் அடுத்த மார்ச்சுக்கு நாள் கொடுத்தார்கள்.

டிசம்பர் கடைசியில் தவுக்கே புது டிரைவரோடு வந்தார். இவர் சாவியைத் துடைத்துக் கொடுத்தார். இரண்டாவது கியர் கொஞ்சம் முரண்டு பிடிக்கும், பாத்துப் போடு தம்பி என்று சொல்லிக்கொடுத்தார். பஸ் திடலிலிருந்து திரும்பி முனையில் மறையும்வரை நின்றுவிட்டு, காலை இழுத்துக்கொண்டு உள்ளே வந்து உட்கார்ந்தார். கண் சிவந்திருந்தது. அதைப் பார்த்ததும் இத்தனை நாள் அடக்கி வைத்தது எனக்குப் பொங்கிவிட்டது.

"எட்டு மாசங்க! எட்டு மாசமா என்னாலதான் உங்க காலு போச்சுன்னு கோயில் கோயிலா அழுதேன். பக்கத்துலதானே நின்னீங்க? நீ இல்லடி, நான்தான்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கக்கூடாதா?"

அவர் முட்டியைத் தடவிக்கொண்டே இருந்தார். வழக்கமான சரி லா வரும் என்று நினைத்தேன்.

"சொல்லணும்னுதான் இருந்தேன்," என்றார். "ஆனா அந்த எட்டு மாசமும் நீ என்னைத் திட்டவே இல்ல. கல்யாணமாகி இப்பதான் வீட்டுல இருக்கறதுக்கு ஆசையா இருந்துச்சு. சொன்னா போயிடுமேன்னு பயந்துட்டேன்."

சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். திட்டு வரும் என்று காத்திருப்பது தெரிந்தது. ஓர் ஆளுக்கு முட்டி உடைந்துதான் வீட்டில் நிம்மதி கிடைத்திருக்கிறது, அதைக் கொடுக்காமல் வைத்திருந்தவள் நான். வாயில் வந்து நின்ற அத்தனையையும் விழுங்கிவிட்டு, "டீ போடட்டா?" என்று கேட்டேன். போடு என்றார்.